சிலை போனால் போவது என்ன?
(ஜெகதளா சொற்பொழிவு)



சிலையைக் கும்பிட வேண்டாமென்று சொல்லுகிற நாம், சிலை காணாமற் போனால் மாத்திரம் ஏன் கவலைப்பட வேண்டும் என்று சிலர் கேட்கிறார்கள். நியாயமான கேள்விதான். கும்பிட வைத்த கல் பயத்தை வளர்ப்பது. இன்னார் இன்ன காரியம் செய்தார் என்று ஞாபகப்படுத்த வைத்த கல்லோ யோசனையை வளர்க்க வேண்டியது. இரண்டும் ஒன்றாகுமா?

சென்னை மவுண்ட் ரோட்டில் நீல் என்னும் வெள்ளைக்காரத் தளபதிக்குச் சிலை இருந்தது. 1857-ஆம் வருஷத்துக் கலகத்தில் அலகாபாத்திலும் கான்பூரிலும் ஈவிரக்கமின்றி ஜனங்களைத் தூக்கிலிட்டவர் அவர். அதை எடுக்கவேண்டுமென்று 1927-ல் தொண்டர்கள் கிளர்ச்சி செய்து சிறை சென்றார்கள். 1937-ல் அது வீதியைவிட்டுப் போயிற்று. பின்னர் எழும்பூர் மியூசியத்துக்குச் சேர்ந்தது. ஏன் எடுத்தார்கள் என்பது ஊரறிந்த விஷயம். ஆகவே சிலை போயும் சரித்திரம் போகவில்லை.

கண்ணகி சிலையின் கதையோ வேறு. 1968 உலகத் தமிழ் மகாநாட்டின்போது மெரினாவில் வைக்கப்பட்ட அது, 2001 டிசம்பரில் அகற்றப்பட்டது. போக்குவரத்துக்கு இடைஞ்சல் என்று காரணம் சொல்லப்பட்டது. வாஸ்துவுக்காகத்தான் என்று ஊரெங்கும் பேச்சு எழுந்தது. ஆட்சி மாறி, 2006 ஜூனில் சிலை திரும்பவும் வந்தது. கண்ணகியின் கற்புக் கதையைப் பற்றி நமக்கு வேறு அபிப்பிராயம் உண்டு. அது இங்கே விவகாரமல்ல. ஒரு உத்தரவில் போவதும் மறு உத்தரவில் வருவதுமாயிருந்தால், இடையில் ஜனங்கள் யார்? வேடிக்கை பார்ப்பவர்கள்தானா?

சென்னைச் சங்கதி நமக்கெதற்கு என்று நினைக்காதீர்கள். இந்த நீலகிரியின் முதல் கமிஷனர் பிரீக்ஸ், 1870-ஐ ஒட்டிய வருஷங்களில் மலைமேலுள்ள பழைய கல்வட்டங்களைத் தோண்டுவித்தார். எருமையும் மனிதரும் மூடிமேல் நிற்கும் மண்பாண்டங்கள் கிடைத்தன. அவை அதே எழும்பூர் மியூசியத்துக்குப் போயின. இம்மலையில் கிடைத்த இப்படிப்பட்ட பொருள்கள் லண்டன் மியூசியத்திலும் இருக்கின்றன. இம்மலையில் வாழ்ந்தவர் கையால் செய்த உருவங்கள் அவை. அவற்றின் படத்தையாவது பார்த்த பிள்ளைகள் நம் ஊரில் எத்தனை பேர்?

தோழர்களே! எடுக்க வேண்டியதை எடுக்கட்டும். ஆனால் பகலில், காரணத்தைச் சொல்லி, ஜனங்களைக் கேட்டு எடுக்கட்டும். எடுத்த இடத்தில் ஒரு பலகை வைத்து, இங்கே என்ன இருந்தது, எங்கே போயிற்று என்று எழுதட்டும். நம் பள்ளிக்கூடச் சுவரில் அந்த மண் எருமையின் படம் ஒன்று தொங்கட்டும். இதற்குப் பெரிய பணம் வேண்டாம். கேட்கிற வாய் வேண்டும். கேளாத ஊரில் கல்லும் நிலைக்காது, ஞாபகமும் நிலைக்காது.