லம்பாசா ஆலையை உண்டாக்கியவர்கள் யார்?

பசிபிக் கடலில் பிஜித் தீவுகள். அங்கே வனுவாலெவு தீவில் லம்பாசா என்ற சிற்றூர். சர்க்கரை ஆலையால் பிறந்து, ஆலையால் வளர்ந்த ஊர் அது. “கம்பெனி மூலதனம் போட்டது, ஊர் உண்டாயிற்று” என்பார்கள். மூலதனம் கரும்பு வெட்டுமா, தோழர்களே?

1874-ல் பிஜி பிரிட்டிஷ் ஆட்சியில் விழுந்தது. சர்க்காருக்கு வருமானம் வேண்டும்; கரும்பு வேண்டும். கவர்னர் கார்டன் அந்நாட்டு மக்களைத் தோட்ட வேலைக்கு இழுப்பதைத் தடுத்தார். அப்படியானால் உழைப்பது யார்? நம் நாட்டு ஏழைகளைப் பிடித்தார்கள்! 1879 முதல் 1916 வரை 60,000-க்கும் மேற்பட்டோர் கப்பலேறினார்கள். 1903 முதல் சென்னையிலிருந்தும் தமிழரும் தெலுங்கரும் போனார்கள்.

1894-ல் ஆஸ்திரேலியாவின் சி.எஸ்.ஆர். கம்பெனி லம்பாசாவில் அரவையைத் தொடங்கியது. கூலி ஒப்பந்தம் ஐந்து வருஷம். ஆணுக்கு நாளுக்கு ஒரு ஷில்லிங், பெண்ணுக்கு ஒன்பது பென்ஸ். அதுவும் அளந்துவிட்ட வேலையை முடித்தால்தான்! வேலைக்குப் போகாவிட்டால் கோர்ட்டு, அபராதம், சிறை. பாரதி மனம் நொந்து பாடியது இந்தத் தீவுகளின் கரும்புத் தோட்டப் பெண்களுக்காகத்தான்.

இந்தியாவில் கண்டனம் கிளம்பியது. ஆள்பிடிப்பது நின்றது. 1920 ஜனவரி 1-ல் மிச்சமிருந்த ஒப்பந்தங்களும் ரத்தாயின. உடனே கம்பெனி வழியை மாற்றியது. நிலத்தைச் சுமார் பத்து ஏக்கர் துண்டுகளாக்கிக் குத்தகைக்கு விட்டது. மழை பொய்த்தால் நஷ்டம் விவசாயிக்கு. விலை வைப்பதோ கம்பெனி! விலங்கு கழன்றது, தராசு மட்டும் கம்பெனி கையிலேயே இருந்தது.

பிஜியின் கரும்பு விவசாயிகள் சங்கம் சேர்ந்தார்கள். 1943-ல் கரும்பை வெட்ட மறுத்துப் போராடினார்கள். பல வருஷப் போராட்டத்துக்குப் பின், 1970-ல் நீதிபதி டென்னிங் தீர்ப்பு வந்தது: சர்க்கரை வருமானத்தில் 65 சதவீதம் விவசாயிக்கு!

“கட்டுப்படியாகாது” என்றது கம்பெனி. 1973-ல் ஆலைகளைச் சர்க்காருக்கு விற்றுவிட்டு நடையைக் கட்டியது. லம்பாசா ஆலை நின்றதா? நிற்கவில்லை! வெட்டியவர்கள் வெட்டினார்கள், அரைத்தவர்கள் அரைத்தார்கள். சர்க்கரை வந்துகொண்டுதான் இருந்தது.

தோழர்களே! “கூலி கேட்டால் ஆலையை மூடுவோம்” என்று முதலாளி மிரட்டும்போது லம்பாசாவை நினைத்துக்கொள்ளுங்கள். கம்பெனி போன பிறகும் ஊர் பிழைத்தது. வயலிலும் ஆலையிலும் உழைத்தவர்கள் போயிருந்தால் பிழைத்திருக்குமா? கரும்பு வெட்டும் கையும் ஆலையில் அரைக்கும் கையும் ஒன்று சேரட்டும்!