மூங்கில் மத்தும் ஒரு கிண்ணம் தேநீரும்

(நம் சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)

 

2024ஆம் ஆண்டு நவம்பர் மாதத்தில், நம் காலனியைச் சேர்ந்த நான்கு குடும்பத்தினர், பல ஆண்டுகளாகச் சிறுகச் சிறுகச் சேர்த்த பொருளைக் கொண்டு ஜப்பான் நாட்டிற்குச் சென்று வந்தோம். அப்பயணத்தைப் பற்றிப் பேசுமாறு செயலாளர் அவர்கள் பணித்தபோது, அந்நாட்டின் அதிவேக இரயிலைப் பற்றியே நாங்கள் பேசுவோம் என்று பலரும் எதிர்பார்த்திருப்பீர்கள். இரயில்வே அலுவலகத்தில் எழுத்தராய்க் காலம் கழிக்கும் எங்களுக்கு அவ்வாசை இல்லாமலில்லை. 1964ஆம் ஆண்டு அக்டோபர் முதல் நாள் ஓடத் தொடங்கிய ஷிங்கான்சென் வண்டிகளில், தடம் புரண்டோ மோதிக்கொண்டோ இன்றுவரை ஒரு பயணியும் உயிரிழந்ததில்லை என்னும் செய்தி ஒன்றே தனிச் சொற்பொழிவுக்குப் போதுமானது. ஆயினும், அவ்வண்டியைக் காட்டிலும் அரைச் சாண் நீளமே உள்ள ஒரு மூங்கில் மத்து எங்கள் சிந்தையை மிகுதியும் கவர்ந்தது. அதன் கதையையே இன்று எடுத்துரைக்க விரும்புகிறோம்.

ஜப்பானியர் விருந்தினர்க்கு முறைப்படி வழங்கும் தேநீர், நாம் அடுப்பிலிட்டுக் கொதிக்க வைத்து வடிகட்டும் தேநீர் அன்று. இலையை மாவாக அரைத்து, வெந்நீரில் இட்டு, நுரை பொங்கக் கடைந்து, இலையோடு சேர்த்தே பருகுவது. அதற்கு மாச்சா என்று பெயர். பறிப்பதற்கு ஏறத்தாழ மூன்று வாரங்களுக்கு முன்பே தேயிலைச் செடிகளுக்குப் பந்தலிட்டு வெயிலை மறைக்கின்றனர். நிழலில் வளர்ந்த இலை கரும்பச்சை நிறமும் இனிய சுவையும் பெறுகிறது. பறித்த இலையை ஆவியில் வேகவைத்து உலர்த்தி, காம்பும் நரம்பும் நீக்கி, கல் எந்திரத்தில் மெல்ல அரைக்கின்றனர். ஒரு மணி நேரம் சுற்றினால் 40 கிராம் அளவே மாவு கிடைக்கும். நம் ஊர்த் தெருக்களில் ‘அம்மி கொத்தலையோ’ என்று கூவிச் சென்றவர்களை நினைவுடைய பெரியோர்கள் இங்கே இருப்பீர்கள். தேயிலை அரைக்கும் அக்கல்லையும் வரி தேய்ந்தவுடன் கொத்திக் கூராக்கியே ஆகவேண்டும்.

இம்முறை ஜப்பானில் பிறந்ததன்று என்பதை அன்பர்கள் கருத வேண்டும். இது சீனத்தில் பிறந்தது. 1191ஆம் ஆண்டில் சீனத்திலிருந்து தாயகம் திரும்பிய எய்சாய் என்னும் பௌத்தத் துறவி, தேயிலை விதைகளையும் பொடித் தேநீர் அருந்தும் வழக்கத்தையும் உடன் கொணர்ந்தார். 1211ஆம் ஆண்டில் தேநீரின் நலத்தைப் பற்றி ஒரு நூலும் இயற்றினார். சீனத்திலோ, 1391ஆம் ஆண்டில் மிங் அரசர் கட்டித் தேயிலையைத் திறையாகச் செலுத்தும் வழக்கத்தை நிறுத்தினார். அதன்பின் இலையை நீரில் ஊற வைத்து அருந்தும் முறையே அங்குப் பரவிற்று. பொடியைக் கடையும் வழக்கம் நாளடைவில் அருகி மறைந்தது. பிறந்த வீட்டில் மறைந்த வழக்கம் புகுந்த வீட்டில் தழைத்தது! 1902ஆம் ஆண்டில் கல்கத்தாவில் தங்கித் தாகூர் குடும்பத்தாரோடு நட்புக் கொண்ட ஒக்காக்குரா என்னும் ஜப்பானிய அறிஞர், 1906ஆம் ஆண்டில் தேநீரைப் பற்றி ஆங்கிலத்தில் எழுதிய நூலில் இவ்வரலாற்றைக் குறிப்பிடுகிறார். பிறந்த மண்ணை விட்டு இவ்வங்க நாட்டில் வாழும் நமக்கு இதனினும் பொருத்தமான வரலாறு வேறொன்று உண்டோ?

இனி மத்தின் கதைக்கு வருவோம். நாரா மாநிலத்தில் இகோமா நகரைச் சார்ந்த தகயாமா என்னும் சிற்றூர், ஐந்நூறு ஆண்டுகளுக்கும் மேலாகத் தேநீர் மத்து செய்வதற்குப் பெயர் பெற்றது. தேநீர் நெறியின் முன்னோடியாகிய முரத்தா ஜுக்கோ (1423–1502) கேட்டுக்கொண்டதற்கு இணங்கி, அவ்வூர்த் தலைவரின் இளைய மகன் முதல் மத்தைச் செய்தார் என்பது வழிவழி வரும் செய்தி. அம்மத்தின் ஜப்பானியப் பெயர் ச்சாசென். அதனைச் செய்வோர் தம் பட்டறையிலேயே விருந்தினர்க்கு வேலையில் ஒரு பகுதியைக் கற்பித்து, பின்னர்த் தேநீரும் வழங்குவர் என்று கேள்வியுற்று, கியோட்டோவிலிருந்து இரயிலிலும் பேருந்திலுமாக அவ்வூரை அடைந்தோம்.

காலணிகளை வாயிலில் கழற்றிவிட்டு உள்ளே சென்றோம். பாயில் அமர்ந்திருந்த கைவினைஞர் எங்களைத் தலை தாழ்த்தி வரவேற்று, வழிகாட்டியின் துணையோடு வேலையை விளக்கினார். மூங்கிலைக் கொதிநீரில் இட்டு எண்ணெய்ப் பசை போக்கி, குளிர்கால வெயிலில் காயவைத்து, ஈராண்டு மூவாண்டு சேமித்து வைத்தே வேலைக்கு எடுக்கின்றனர். ஒரு மத்து முழுவதும் ஒரே மூங்கில் துண்டு. பசையில்லை, ஆணியில்லை. கணுவுக்கு மேற்பட்ட பகுதியின் மேல்தோலை நீக்கி, முதலில் பதினாறாகப் பிளக்கின்றனர். அப்பதினாறில் ஒவ்வொன்றையும் பத்தாகப் பிளக்க, 160 ஈர்க்குகள் ஆகின்றன. அவற்றுள் 80 வெளிவட்டம், 80 உள்வட்டம். பின்னர் வெந்நீரில் நனைத்து, நுனியை நோக்கி மெலிதாகச் சீவி, உட்புறம் வளைக்கின்றனர். இச்சீவலில் கை பிசகினால் தேநீரின் சுவையே வேறுபடும் என்பது அவர்கள் கொள்கை. அதன்பின் தேநீர் ஒட்டிக்கொள்ளாதபடி ஒவ்வோர் ஈர்க்கின் விளிம்பையும் தனித்தனியே மழுக்குகின்றனர். ஒரு சிறு கத்தியும் பத்து விரல்களுமே இவற்றுக்கெல்லாம் கருவிகள்.

எங்களுக்கு அளிக்கப்பட்ட பணி, ஈர்க்குகளின் அடியில் நூல் கோப்பது. வெளி ஈர்க்கையும் உள் ஈர்க்கையும் பிரித்து நிறுத்தும் பொருட்டு, ஒன்றுக்கு ஒன்று மாற்றிக் கறுப்பு நூலை வளைத்து இறுக்கிச் செல்ல வேண்டும். தளர்ந்தால் மத்து விரியாது. மிக இறுக்கினால் ஈர்க்கு ஒடியும். எழுதுகோல் பிடித்துப் பழகிய விரல்கள் மெல்ல மெல்ல முன்னேறின. எங்கள் பிள்ளைகள் நாக்கைக் கடித்துக்கொண்டு நூலோடு போராடினர்.

ஆனால் எங்களுடன் வந்த ஓர் அம்மையார், காலனிக் குழந்தைகள் அனைவருக்கும் அத்தை, மற்றவர்கள் பாதி வட்டம் முடிக்கும் முன்னரே தம் வட்டத்தை முடித்து மத்தைக் கீழே வைத்தார். நூல் ஓரிடத்தும் ஏறவில்லை, இறங்கவில்லை. கைவினைஞர் அதை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்; அம்மையாரின் விரல்களையும் பார்த்தார். “இது முன்பே ஏதோ கற்ற கை. என்ன கற்றீர்கள்?” என்று கேட்டார். அம்மையாருக்கு நாணம் மிகுந்தது. “பூத் தொடுப்பேன், வேறொன்றும் தெரியாது” என்றார். ஒரு நூல் துண்டை எடுத்து, கால் விரலில் மாட்டிக்கொள்ளாத குறையாக, மலர் இல்லாமலே தொடுத்துக் காட்டினார். இரண்டு பூ இப்புறம், இரண்டு பூ அப்புறம், ஒரு சுற்று, ஒரு முடிச்சு. அம்முதிய கைவினைஞர் இரு கைகளையும் பாயில் ஊன்றி அவரை வணங்கினார். நம் வீடுகளில் மாலைதோறும் நடந்த அச்செயல் ஒரு கலை என்று எங்களுக்கு உணர்த்தியது அவ்வணக்கமே.

அதன்பின் தேநீர். முழுமையான தேநீர் விருந்து உணவோடு ஏறத்தாழ நான்கு மணி நேரம் நடைபெறுமாம். எங்களுக்கு வாய்த்தது அதன் சிறு சுருக்கம். முதலில் இனிப்பு. பயற்றை வேகவைத்துச் சர்க்கரையோடு பிசைந்த அதன் சுவை, நம் கொழுக்கட்டைப் பூரணத்திற்கு உறவு. இனிப்பைத் தின்று முடித்த பின்னரே தேநீர் வரும். சுமார் 2 கிராம் பொடி, சிறிதளவு வெந்நீர். நம் தயிர் மத்தைப் போல் அதனைச் சுழற்றுவதில்லை. மணிக்கட்டை அசைத்து முன்னும் பின்னுமாக விரைந்து கடைய வேண்டும். கிண்ணத்தைப் பெற்றவர், பக்கத்தில் இருப்பவரைப் பார்த்து ‘உமக்கு முன்னர் நான் பருகுகிறேன்’ என்னும் பொருள்பட ஒரு சொல் கூறி வணங்குகிறார். பின்பு கிண்ணத்தின் அழகிய முகப்பில் தம் உதடு படாதவாறு, அதனைச் சற்றே திருப்பிப் பருகுகிறார். இந்நெறியைச் செம்மைப்படுத்திய சென் நோ ரிக்கியு (1522–1591), தேநீர்க் குடிலின் வாயிலைத் தவழ்ந்து நுழையும் அளவுக்குச் சிறிதாக்கினார். வாளேந்திய வீரரும் வாளை வெளியே வைத்து, தலை குனிந்தே உள்ளே வரவேண்டும்.

நாங்கள் நூல் கோத்த மத்துகளால் நாங்களே கடைந்து, ஒருவர்க்கொருவர் வழங்கிக்கொண்டோம். பத்தாம் வகுப்புப் படிக்கும் பிள்ளை ஒருவன், தன் தந்தைக்கு இரு கைகளாலும் கிண்ணத்தை நீட்டி வணங்கியதைக் கண்டபோது எங்களில் பலருக்குப் பேச்சு எழவில்லை.

விடைபெறும் முன்னர் இத்தொழிலின் எதிர்காலம் பற்றி வினவினோம். ஒரு காலத்தில் இவ்வித்தையைப் பிறர் அறியாதவாறு மறைத்து, தந்தை தம் மக்களுள் ஒருவனுக்கு மட்டுமே கற்பித்தாராம். இன்று மத்து செய்யும் குடும்பங்கள் இருபதுக்கும் குறைவு. அயல்நாட்டிலிருந்து மலிவான மத்துகள் கடைகளை நிரப்புகின்றன. இத்தனைக்கும், உலகெங்கும் மாச்சாவுக்கு வேட்கை மிகுந்து, 2024 இலையுதிர் காலத்தில் கியோட்டோவின் பழம்பெரும் தேயிலைக் கடைகள் சில, ஒருவர்க்கு இவ்வளவே என வரம்பு கட்டி விற்றன. அருந்துவோர் பெருகினும் மத்து செய்யும் கை தானே பெருகுவதில்லை. அந்நாட்டு அரசு 1974ஆம் ஆண்டில் மரபுக் கைத்தொழில்களைக் காக்கச் சட்டம் இயற்றியது. பன்னிரண்டு ஆண்டுகளுக்குக் குறையாத பயிற்சியுடையோரைத் தேர்ந்து சான்று வழங்கும் ஏற்பாடும் அங்கு உண்டு. ஆயினும் சட்டம் மட்டும் தொழிலைக் காவாது என்று அறிந்தே, ஒருவனுக்கு மட்டும் என்று மறைத்த வித்தையை இன்று எங்களைப் போன்ற அயலார்க்கும் திறந்து காட்டுகின்றனர்.

தேய்ந்த மத்துகளை அவர்கள் குப்பையில் எறிவதில்லை என்பதையும் சொல்ல வேண்டும். கோயில்களில் அவற்றை ஒன்றுசேர்த்து, நன்றி கூறி, தீயிலிட்டு வழியனுப்புகின்றனர். விசுவகருமா பூசையன்று பட்டறைக் கருவிகளுக்குப் பொட்டிட்டு மாலை சூட்டும் நமக்கு இதன் பொருளை விளக்க வேண்டுவதில்லை.

அன்பர்களே! நம் காலனியின் நிலையைச் சற்றே எண்ணிப் பாருங்கள். பணி ஓய்வு பெற்றதும் குவார்ட்டர்ஸைக் காலி செய்துவிட்டு ஒவ்வொரு குடும்பமாக ஊர் திரும்புகிறது. சாமான்களோடு அவர்கள் கைத்திறனும் வண்டியேறிவிடுகிறது. நாம் குறிப்பிட்ட அத்தையின் கணவர் வரும் ஆண்டில் ஓய்வு பெறுகிறார். அவருக்குப் பின் இங்கு நெருக்கமாகப் பூத் தொடுக்கத் தெரிந்த இளம்பெண் ஒருத்தியும் இல்லை. புள்ளி வைத்துச் சிக்குக் கோலம் இடுவோர் இருவர் மூவர். நம் பிள்ளைகள் தமிழ் பேசுகின்றனர். தமிழ் எழுத்தைக் கூட்டிப் படிப்போர் எத்தனை பேர் என்பதைப் பெற்றோரே அறிவர்.

ஆதலின் ஒரு வேண்டுகோள். ஞாயிறுதோறும் மாலை இரண்டு மணி நேரம் சங்கக் கூடத்தைத் திறந்து வைப்போம். ஒரு மணி எழுத்துக்கு. ஒரு மணி கைவேலைக்கு. பூத் தொடுத்தல், கோலம், இன்னும் அவரவர் அறிந்தவை. நம் பிள்ளைகளோடு, விரும்பி வரும் வங்காளி, ஒரியா, தெலுங்குப் பிள்ளைகளுக்கும் பாயில் இடம் கொடுப்போம். அயலார் கற்றால் நம் கலை குறையாது என்பதைத் தகயாமா ஊரார் நமக்குக் காட்டிவிட்டனர். அத்தையார் கற்பிக்க இசைந்துவிட்டார். நாரும் நூலும் வாங்கும் செலவை எங்கள் நான்கு குடும்பங்கள் ஏற்கின்றன.

இன்று இம்மேடையை அணி செய்யும் மாலைகள் கடைவீதியில் வாங்கியவை. அடுத்த ஆண்டு விழாவின் மாலைகளை நம் குழந்தைகளின் விரல்கள் தொடுக்க வேண்டும் என்று விரும்பி அமைகிறோம்.