வரைபடத்தில் முளைத்த தீவுகள்

(நமது குடியிருப்பின் கோடைக்காலக் கதை மாலையில் ஆற்றிய உரை)

பாயில் உட்கார்ந்திருக்கும் குட்டிகளுக்கு முதல் வணக்கம். பின்னால் நாற்காலியில் இருக்கும் பெரியவர்களுக்கு அடுத்தது.

முதலிலேயே ஒன்றை ஒப்புக்கொண்டுவிடுகிறேன். போன மாதம் கார் நிறுத்தும் தளத்தில், தூண்களுக்கு நடுவே, நீங்கள் சாக்பீஸால் பெரிய கடல் ஒன்றை வரைந்திருந்தீர்கள். அதில் பதினோரு தீவுகள், ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர். கமிட்டிக் கூட்டத்தில், தரை அசிங்கமாகிறது என்று சொல்லி அதைக் கழுவச் சொன்னவன் நான்தான். அன்று சாயங்காலம் லிஃப்டில் ஒரு பையன் என்னிடம் கேட்டான்: "அங்கிள், அந்தத் தீவுல இருந்தவங்க எல்லாம் இப்ப எங்க போவாங்க?" என் மாடி வந்ததும், பதில் சொல்லாமல் இறங்கிவிட்டேன். அவனுக்குத் தாமதமாகச் சொல்லும் பதில்தான் இந்தப் பேச்சு.

உர்சுலா லெ குவின் என்று ஓர் அமெரிக்க எழுத்தாளர். 'எர்த்ஸீ' என்ற தீவுக்கூட்டத்தைக் கற்பனை செய்தவர். அந்த உலகில் நடக்கும் முதல் நாவல் 1968-இல் வந்தது. அதை எழுத உட்கார்ந்தபோது அவர் கதையைத் தொடங்கவில்லை. முதல் வேலையாக வரைபடம் போட்டார். தீவுகளின் பெயர்கள் அவருக்குத் தெரிந்தன. அங்கே யார் இருக்கிறார்கள் என்பது பெரும்பாலும் தெரியாது. அதைத் தெரிந்துகொள்ளத்தான் கதையே எழுதினார். மூன்று சின்னத் தீவுகளுக்குத் தன் பிள்ளைகளை மழலைப் பருவத்தில் கூப்பிட்ட பெயர்களையே வைத்துவிட்டார். நம் வீட்டில் 'பப்பு', 'குஞ்சு' என்று கூப்பிடுவோமே, அப்படி. வரைபடம் போடுகிறவருக்கு இவ்வளவு உரிமை உண்டு!

அந்த உலகில் மந்திரம் என்பதே பெயர்தான். எந்தப் பொருளுக்கும் ஓர் உண்மைப் பெயர் உண்டு. அதை அறிந்தவருக்கு அதன் மேல் அதிகாரம் உண்டு. ஆனால் கடலை அடக்க, 'கடல்' என்ற ஒரு பெயர் போதாது. ஒவ்வொரு விரிகுடாவுக்கும், முனைக்கும், பாறைக்கும் தனிப்பெயர் தெரிந்திருக்க வேண்டும். அதனால் ரோக் தீவின் மந்திரப் பள்ளியில் மாணவர்களைத் தனியான ஒரு கோபுரத்துக்கு அனுப்புகிறார்கள். அங்கே வேலை, பெயர்ப் பட்டியலை மனப்பாடம் செய்வது. ஒரு குட்டித் தீவின் கரையோரத்துக்கு மட்டும் பக்கம் பக்கமாகப் பெயர்கள். நள்ளிரவுக்குள் படித்து முடித்தாக வேண்டும்; நள்ளிரவில் மை மறைந்து தாள் வெறுமையாகிவிடும்.

பரீட்சைக்கு முந்தின ராத்திரி மாதிரி இருக்கிறதா? எனக்கு அப்படி இல்லை. தளத்தில் தண்ணீர் ஊற்றிக் கழுவியதுதான் ஞாபகம் வந்தது.

இன்னொருவர் ஸ்காட்லாந்துக்காரர், ராபர்ட் லூயிஸ் ஸ்டீவன்சன். 1881 கோடையில் பிரேமார் என்ற ஊரில் தங்கியிருந்தபோது ஒரே மழை. வீட்டுக்குள் அடைபட்டு, மனைவியின் மகனான சிறுவனோடு சேர்ந்து படம் போட்டுக்கொண்டிருந்தார். அப்படிப் போட்ட ஒரு தீவுப் படத்திலிருந்துதான் 'டிரஷர் ஐலண்ட்' பிறந்தது. பிறகு அதைப் புத்தகமாக்கப் பதிப்பாளருக்கு அனுப்பியபோது அந்த வரைபடம் தொலைந்துபோனது! மனிதர் என்ன செய்தார் தெரியுமா? தன் கதையையே வரிவரியாகப் படித்து, மலை எங்கே, நங்கூரம் போட்ட இடம் எங்கே என்று குறிப்பெடுத்து, தன் அப்பாவின் அலுவலகத்தில் இன்னொரு வரைபடம் தயாரித்தார். 1883-இல் வந்த புத்தகத்தில் இருப்பது அதுதான். ஆனால் அது தன் தீவாக அவருக்குக் கடைசிவரை தோன்றவே இல்லை. அவரே அப்படி எழுதியிருக்கிறார்.

ஆகவே தம்பி, உன் கேள்விக்கு என்னிடம் பாதிப் பதில்தான் இருக்கிறது. அந்தத் தீவுக்காரர்கள் நீங்கள் விளையாடிய விளையாட்டுக்குள் இருக்கிறார்கள். அங்கிருந்து தோண்டி எடுத்தால் வரைபடம் திரும்பக் கிடைக்கும். ஆனால் அது பழையதாக இருக்காது. அதற்கு நான்தான் காரணம். மன்னித்துக்கொள்.

பெரிய பிள்ளைகளுக்கு ஒரு வார்த்தை. எர்த்ஸீயின் நாயகன் கெட், தன் கர்வத்தால் தானே அவிழ்த்துவிட்ட ஒரு நிழலைத் துரத்திக்கொண்டு, கிழக்குக் கோடியில் உள்ள ஆஸ்டோவெல் தீவையும் தாண்டிப் போகிறான். வரைபடம் முடிந்த இடத்துக்கு அப்பால், துணைக்கு ஒரே ஒரு நண்பன். அங்கே என்ன நடக்கிறது என்று நான் சொல்லப்போவதில்லை. என் பிரதி இருக்கிறது, வாங்கிப் போய்ப் படியுங்கள். சொன்ன தேதியில் திருப்பித் தந்துவிட வேண்டும்.

கமிட்டியில் பேசிவிட்டேன். விருந்தினர் வண்டி நிற்கும் கடைசி இரண்டு இடங்கள், பள்ளி திறக்கும் வரை உங்களுக்கு. அங்கே யாரும் தண்ணீர் ஊற்ற மாட்டார்கள். வண்டியோடு வரும் உறவினர்கள் கொஞ்ச நாள் தெருவில் நிறுத்திக்கொள்ளட்டும். பெரியவர்கள் வந்து பார்க்கலாம், கோடு போட உதவலாம். பெயர் வைப்பது மட்டும் பிள்ளைகள் வேலை. சாக்பீஸ் டப்பா செக்யூரிட்டி அறையில் இருக்கிறது. நீல நிறம் மட்டும் இரண்டு டப்பா வாங்கி வைத்திருக்கிறேன், கடல் பெரிதாயிற்றே.