குடியானவரும் மன விசாரமும்



வாய்க்கால், கிணறு, விதை, உரம் ஆகியவற்றைப் பற்றி நாம் கூடிப் பேசுவது வழக்கம். இன்று அவற்றையெல்லாம் ஆள்கின்ற மனத்தைப் பற்றிச் சிறிது பேச விழைகிறோம். இது வேலையற்றவர் பேச்சு என்று எண்ணிவிட வேண்டாம். மேலூர்ப் பக்கம் பெரியாற்றுக் கால்வாயின் கடைமடையில் நிலம் வைத்திருப்பவரைக் கேளுங்கள். 1895இல் பெரியாறு அணை வந்தது. 1959இல் வைகை அணை வந்தது. ஆயினும், இவ்வாண்டு தண்ணீர் நம் வயல் வரை வந்து எட்டுமா என்ற கேள்வி அவரை விட்டபாடில்லை. நாற்று நடுமுன்பே அவர் மனத்தில் பயிர் கருகிவிடுகிறது.

இதனை நாட்டுப்புறத்தில் 'விசாரம்' என்கிறோம். அச்சொல்லுக்கே ஆராய்தல் என்ற பொருளும் உண்டு. கவலைப்படுவதும் விசாரம், அக்கவலையை ஆராய்வதும் விசாரம். முன்னதைப் பின்னதாக மாற்றிய பள்ளிச் சிறுவர் ஒருவர் நம் மதுரையிலேயே வாழ்ந்தார்.

அவர்தாம் பின்னாளில் ரமண மகரிஷி எனப் பெயர் பெற்ற வேங்கடராமன். 1879 டிசம்பர் 30இல் திருச்சுழியில் பிறந்தவர். 1892இல் தந்தை காலமான பின், மதுரையில் சிறிய தகப்பனார் வீட்டில் தங்கி, அமெரிக்கன் மிஷன் உயர்நிலைப் பள்ளியில் பயின்றார். 1896 ஜூலையில் ஒருநாள், சொக்கப்ப நாயக்கன் தெரு வீட்டின் மாடியில் தனித்திருந்தபோது, நோய் ஏதுமின்றியே, 'சாகப் போகிறோம்' என்ற பேரச்சம் அவரைப் பற்றிக்கொண்டது. அப்பொழுது வயது பதினாறு. வைத்தியரைத் தேடி ஓடவில்லை. பெரியவர்களைக் கூவி அழைக்கவுமில்லை. தரையில் படுத்துக் கைகால்களை விறைப்பாக நீட்டி, மூச்சையும் அடக்கி, சாவது எது, அதனை அறிவது எது என்று உள்ளேயே நோக்கலானார். அச்சம் அகன்றது. ஆறு வாரங்களுக்குப் பின் மதுரையை விட்டுத் திருவண்ணாமலை சென்றவர், 1950 ஏப்ரல் 14இல் மறையும் வரை அவ்வூரை விட்டு அகலவில்லை.

அவர் அடைந்த ஞானத்தை அளந்து சொல்ல நமக்குத் தகுதியில்லை. நாம் கவனிக்க வேண்டியது அவர் கையாண்ட முறையை. அச்சத்தை அவர் விரட்டவுமில்லை. அதன் பின்னே ஓடவுமில்லை. நின்று பார்த்தார்.

"அப்பிள்ளைக்குச் சொசைட்டிக் கடன் இருந்ததா, கட்டிக்கொடுக்கப் பெண் இருந்தாளா?" என்று தாங்கள் கேட்கலாம். நியாயமான கேள்வியே. மனத்தைப் பார்ப்பதால் மதகு திறவாது, கடனும் தீராது. ஆனால் கவலை மூண்டால் உடல் என்ன செய்கிறது என்று பாருங்கள். நெஞ்சு படபடக்கிறது, மூச்சு மேலோடுகிறது, வாய் உலர்கிறது, வயிறு இறுகுகிறது. புலி எதிரே வந்தால் ஓடுவதற்காக அமைந்த ஏற்பாடு இது. வராத தண்ணீரை நினைத்து நள்ளிரவில் விழித்திருப்பவருக்கும் இதே ஏற்பாடுதான் நடக்கிறது. அந்நிலையில் உரக்கடைக் கணக்கையும் வட்டியையும் தெளிவாக நிதானிப்பது எப்படி?

ஆகவே, வரப்பில் சிறிது நேரம் அமருங்கள். மூச்சை அடக்க வேண்டாம். அது வருவதையும் போவதையும் மட்டும் அறியுங்கள். பாதத்தில் சேற்றின் குளிர்ச்சி, தோளில் வெயில், மார்பில் இறுக்கம், எது தோன்றினாலும் தோன்றியபடியே கவனியுங்கள். மனம் அறுவடைக்கோ வட்டிக்கோ ஓடிவிடும். மேயப்போன மாட்டைத் திருப்புவது போல, அதட்டாமல் திருப்புங்கள். நூறு முறை ஓடினால் நூறு முறை. அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மருத்துவக் கல்லூரியில் 1979இல் நோயாளிகளுக்குக் கற்பிக்கத் தொடங்கியதும் ஏறத்தாழ இதுவே. புத்தர் வழிவந்த பயிற்சிதான் அங்கே மருத்துவக் கோலம் பூண்டது.

இங்கே அங்கத்தினர்களுக்கு ஒரு வார்த்தை. வாரக்கணக்கில் உறக்கமற்றவர், குடியில் ஆழ்ந்தவர், சாவைப் பற்றிப் பேசுகிறவர் ஆகியோரிடம் 'மூச்சைக் கவனி' என்று சொல்லி அகன்றுவிடலாகாது. அவரை ஆரம்ப சுகாதார நிலையத்துக்கு உடன் அழைத்துச் செல்லுங்கள். அவர் வீட்டுப் பூச்சிமருந்தை உடனே அப்புறப்படுத்துங்கள். இலங்கையில் 1995 முதல் கொடிய பூச்சிமருந்துகளைத் தடை செய்து வந்த பின் தற்கொலைகள் பெருமளவு குறைந்தன. மத்திய அரசின் 'டெலி மானஸ்' மனநல உதவி 2022 அக்டோபரில் தொடங்கியது. 14416 என்ற எண்ணில் கட்டணமின்றித் தமிழிலேயே பேசலாம். அவ்வெண்ணைப் பஞ்சாயத்து அலுவலகச் சுவரிலும், உரக்கடை வாசலிலும், பால் சேகரிக்கும் இடத்திலும் பெரிய எழுத்தில் எழுதி வைக்க அடுத்த கிராம சபையிலேயே தீர்மானம் கொண்டு வாருங்கள்.