கண்டத்தில் நின்ற நஞ்சு



அமெரிக்க நாட்டிலே ஆலன் ஃபன்ட் என்று ஒருவர் இருந்தார். இரண்டாம் உலகப் போர்க்காலத்தில், படைவீரர்தம் மனக்குறைகளை ஒலிப்பதிவு செய்யும் பணி அவருடையது. பதிவு தொடங்கியதும் சிவப்பு விளக்கு எரியும்; அதைக் கண்டதும் வீரர்களுக்கு நா எழாது. ஆகவே, அவர்கள் அறியாமலே பதிவு செய்யத் தலைப்பட்டார். அவ்வழியே பிறந்தது, 1947-இல் வானொலியில் வந்த 'கேண்டிட் மைக்ரோஃபோன்' என்னும் நிகழ்ச்சி. மறைத்து வைத்த ஒலிவாங்கியின்முன் எளியோர் பேசியது ஊரார்க்கு நகைப்பொருளாயிற்று. மறு ஆண்டே அது தொலைக்காட்சிக்கும் ஏறிற்று. பின்னர் இசைவு பெறினும், பேசிய பொழுதில் இசைவு ஏது?

இன்று அக்கருவி நம் ஒவ்வொருவர் கையிலும் இருக்கிறது. சென்ற திருவிழாவில், மண்டபத் தூணருகே இரு மூதாட்டியர் தம் வீட்டுத் துயரைப் பேசியிருந்ததை, ஓர் இளைஞர் கைப்பேசியில் மறைவாகப் பதிந்து நமக்குக் கேட்பித்தார். அவர்தம் கொச்சைமொழி கேட்டு நாமும் நகைத்துவிட்டோம். மறுநாள் அவருள் ஒருவர் கைகூப்பி வந்தபோது, அம்முகத்தை நோக்க நம்மால் இயலவில்லை. துயரைத் திருடியவர் அவர். திருட்டுப் பொருளை நுகர்ந்தவர் நாம்.

பாற்கடலில் எழுந்த ஆலகாலத்தை எம்பெருமான் உண்டான், உமிழ்ந்தானில்லை. கண்டத்தே நிறுத்தினான், உலகம் பிழைத்தது. நம் உள்ளத்துப் பேச்சனைத்தும் கேட்பவன் அவனே. அதைப் பிறர்க்குச் சொல்லி நகைத்தானில்லை. அந்நீலகண்டனுக்கு அடியவர் நாமாயின், செவியில் விழுந்த பிறர் துயரை நாமும் கண்டத்தே நிறுத்துவோமாக!

திருச்சிற்றம்பலம்.