வலது பட்டனைப் பிடித்து ஒரு கோடு
(சங்கக் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)

வங்கியில் பேரேடு புரட்டிய கை இது. கரண்ட் பில் கட்டத் தாம்பரம் வெயிலில் வரிசையில் நின்ற காலம் போய், இப்போது எல்லாம் கம்ப்யூட்டரில்தான். முந்தைய பக்கத்துக்குப் போக, மூலையில் இருக்கும் சின்ன அம்புக்குறியைத் தேடித் தேடியே மணிக்கட்டு வலி வந்துவிட்டது.

ஓபரா பிரவுசரில் 2001-லிருந்தே இதற்கு வழி உண்டு. செட்டிங்ஸில் 'மவுஸ் ஜெஸ்சர்ஸ்' ஆன் செய்யுங்கள். வலது பட்டனை அழுத்திப் பிடித்தபடி இடப்பக்கம் இழுத்து விட்டால் முந்தைய பக்கம். வலப்பக்கம் இழுத்தால் அடுத்த பக்கம். கீழே இழுத்தால் புது டேப். கீழே இழுத்து, பட்டனை விடாமல் வலப்பக்கம் திருப்பினால் டேப் மூடிவிடும். அம்புக்குறியைத் தேடவே வேண்டாம்.

ஒரு எச்சரிக்கை: பணம் கட்டும்போது மட்டும் வேண்டாம். போன மாதம் ரசீது வருமுன் கைதவறி இடப்பக்கம் இழுத்துவிட்டேன். ரசீது வரவில்லை, மறுபடி கட்டப் போனேன். பழைய வங்கிப் புத்தி தடுத்தது. கணக்கைப் பார்த்தால், பணம் ஏற்கெனவே போயிருந்தது! நீங்களும் முதலில் கணக்கைப் பாருங்கள், பிறகு கட்டுங்கள்.

பழக விரும்புவோர் ஞாயிறு காலை வீட்டுக்கு வாருங்கள். காபியோடு சொல்லித் தருகிறேன்.