வேலி போடப் போலீஸ் பாதுகாப்பு



கிரயப் பத்திரம் கையில் இருக்கும். பட்டாவும் சொந்தப் பெயரில் இருக்கும். ஆனாலும் கல் நட்டு வேலி போடப் போனால் ஆட்கள் கூடி வந்து மறிப்பார்கள். காவல் நிலையத்துக்கு ஓடினால் மனுவை வாங்கி, சி.எஸ்.ஆர். ரசீது ஒன்றைக் கொடுத்து, "இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்க" என்பார்கள். நிலத்தகராறில் சிக்கிய குடும்பங்களுக்கு மனப்பாடமாகிப்போன பதில் இது.

அடுத்து யாராவது ஒரு யோசனை சொல்வார்: ஹைகோர்ட்டில் ரிட் போட்டால் போலீஸ் பாதுகாப்பு கிடைத்துவிடும் என்று. அரசியல் சாசனத்தின் 226-வது பிரிவு உயர் நீதிமன்றத்துக்கு அந்த அதிகாரத்தைத் தருகிறது, உண்மைதான். ஆனால், நிலம் யாருடையது என்பதே சண்டையாக இருந்தால் அந்த வழி பெரும்பாலும் உதவாது. கேரளத்திலிருந்து வந்த முரளிதரன் வழக்கில் 2006-ல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. போலீஸ் பாதுகாப்பு என்ற பெயரில் உரிமைத் தகராறை ரிட் மனுவில் தீர்த்துக்கொள்ள முடியாது. அதற்கு உரிமையியல் நீதிமன்றம் இருக்கிறது.

இது நியாயம் என்றே நான் நினைக்கிறேன். ரிட் மனுவில் சாட்சியைக் கூண்டில் ஏற்றி விசாரிப்பது வழக்கமில்லை. பத்திரத்தின் நகலை மட்டும் பார்த்துக் காவலர்களை அனுப்பிவிட்டால், அதே மண்ணில் ஆண்டாண்டாக உழுதுவரும் குத்தகைக்காரரின் கதி என்ன? நிலைபெற்ற சுவாதீனத்தில் இருப்பவரை, உண்மையான உரிமையாளரே ஆனாலும், சட்டத்தின் வழியாக அல்லாமல் பலவந்தமாக வெளியேற்றக் கூடாது என்று ராமே கவுடா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

ஆகவே முதல் படி முன்சீப் கோர்ட்டோ சார்பு நீதிமன்றமோதான். அங்கே தடையுத்தரவு கேட்கலாம். தடையை மீறினால் சொத்தை ஜப்தி செய்யலாம், 3 மாதம் வரை சிவில் சிறையிலும் வைக்கலாம். ஆனால் எதிராளி சிறைக்குப் போவதால் டிராக்டர் ஏற்றி அழித்த பயிர் திரும்பி வராது. அதனால்தான் மீரா சௌஹான் வழக்கின் தீர்ப்பு முக்கியமாகிறது. தடையுத்தரவு மீறப்படும்போது, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 151-வது பிரிவின் கீழ், போலீஸ் பாதுகாப்புக்கு அந்த நீதிமன்றமே உத்தரவிடலாம் என்று 2006-ன் இறுதியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கீழ்க் கோர்ட்டில் ஜெயித்தவரை மறுபடியும் சென்னைக்கோ மதுரைக்கோ அலையவிடுவது அநீதி. தீர்ப்பு கையில் இருப்பவருக்கு, அதைக் கொடுத்த நீதிமன்றமே விரைந்து காவலையும் தர வேண்டும்.

இன்னொன்று. பாதுகாப்புக்கு வரும் காவலருக்கு உங்கள் எல்லை தெரியாது. வட்டாட்சியர் அலுவலகத்தில் மனு கொடுத்து, பக்கத்து நிலத்துக்காரருக்கும் நோட்டீஸ் போகச் செய்து, சர்வேயர் புலப்படத்தை வைத்து அளந்து கல் காட்டட்டும். அளவை முடியாமல் போலீசோடு போய்ப் போட்ட வேலி, அடுத்த வழக்குக்கே வழிவைக்கும்.

நிலத்திலிருந்து பலவந்தமாக வெளியேற்றப்பட்டவர்கள் நாளைக் கடத்தக் கூடாது. குறித்துரு நிவாரணச் சட்டத்தின் 6-வது பிரிவின்படி 6 மாதத்துக்குள் வழக்குப் போட்டால், யாருக்குப் பாத்தியம் என்ற நெடிய விசாரணை இல்லாமலே சுவாதீனத்தைத் திரும்பப் பெறலாம். எதிராளி அரசாங்கமாக இருந்தால் மட்டும் இந்தப் பிரிவு பொருந்தாது.

வக்கீலுக்குக் கொடுக்கப் பணமில்லையே என்று தயங்கி, இந்த 6 மாதத்தைத் தவறவிடுகிறவர்கள் உண்டு. பெண்களுக்கும் பட்டியல் இனத்தவர், பழங்குடியினருக்கும் வருமான வரம்பு இல்லாமலே இலவசச் சட்ட உதவி கிடைக்கும். 15100 என்ற எண்ணைக் கூப்பிடுங்கள், அல்லது உங்கள் வட்டச் சட்டப் பணிகள் குழுவுக்குப் பத்திரங்களோடு நேரில் போங்கள். கம்பெடுத்துக்கொண்டு வரப்புக்கு மட்டும் போகாதீர்கள்.